பிழையிற் பிறந்த சொல்

மாணாக்கன் ஒருவன் தன் கட்டுரையில் ஒரு சொல்லின் எழுத்துக்களை முன்பின்னாக மாற்றி எழுதிவிட்டால், ஆசிரியர் சிவப்பு மையாற் கோடிட்டுத் திருத்துவார். அத்துடன் அப்பிழையின் ஆயுள் முடிந்துவிடும். உலகிற் பிறக்கும் எழுத்துப் பிழைகளுட் பெரும்பாலானவற்றின் விதி இதுவே. ஆயினும் எங்கோ ஒன்று, திருத்துவோர் கைக்குத் தப்பி, பலர் நாவிலும் ஏறி, கடல் கடந்து, ஈற்றிற் பெரும் பணக்காரரின் பத்திரங்களிலும் இடம்பிடித்து விடுகின்றது. அத்தகைய சொல் ஒன்றைப் பற்றியே இவ்வாரம் நாம் பேச எண்ணுகின்றோம். ‘ஹோட்ல்’ என்பது அச்சொல்.

வளர்ந்த பிள்ளைகள் உள்ள இல்லங்களில் இச்சொல் சில வேளை காதில் விழுந்திருக்கலாம். கைத்தொலைபேசியிற் கிரிப்டோ நாணயத்தின் விலையைப் பார்த்துக்கொண்டிருக்கும் இளைஞன், “விலை விழுகிறது, ஆனால் நான் ஹோட்ல்” என்கிறான். பெற்றோர் அதனை ஏதோ உணவுச்சாலையின் பெயரென எண்ணிக்கொண்டால் அவர்களைக் குறைகூற இயலாது. ஆங்கிலத்திற் பற்றிக்கொள்ளுதல், கைவிடாது வைத்திருத்தல் எனப் பொருள்படும் ‘ஹோல்ட்’ என்னுஞ் சொல்லே இவ்வாறு திரிந்தது. லகரவொற்றும் டகரவொற்றும் இடம்மாறி நிற்கின்றன. வேறு மாற்றம் ஒன்றுமில்லை. விலை ஏறினும் இறங்கினும் விற்காது வைத்திருப்பேன் என்பது அதன் பொருள். அவ்வாறு வைத்திருப்பவன் ‘ஹோட்லர்’ எனப்படுவான்.

எதனை வைத்திருப்பது என்பதை முதலில் அறிந்துகொள்ளல் வேண்டும். கிரிப்டோ நாணயங்களுள் மூத்தது பிட்கொயின். சற்றோஷி நகமோட்டோ என்னும் புனைபெயருள் மறைந்திருந்த ஒருவரோ பலரோ 2008 ஒக்டோபர் 31ஆந் திகதி அதன் திட்டத்தை வெளியிட்டனர். 2009 ஜனவரியில் அது இயங்கத் தொடங்கியது. இதற்கு மத்திய வங்கி இல்லை. தாளும் இல்லை, உலோகமும் இல்லை. யார் யாருக்கு எவ்வளவு கொடுத்தார் என்னுங் கணக்கேடு ஒன்றே உண்டு. அவ்வேட்டின் பிரதிகள் உலகெங்குமுள்ள ஆயிரக்கணக்கான கணினிகளில் இருக்கின்றன. தன் பங்கைச் செலவிட விரும்புபவனிடம் ஓர் இரகசியச் சாவி இருத்தல் வேண்டும். அச்சாவியும் நீண்டதோர் எண்ணேயன்றி வேறன்று. பிட்கொயின்களின் மொத்தத் தொகை 2 கோடி 10 இலட்சத்தைத் தாண்டாதவாறு முதலிலேயே விதி செய்யப்பட்டுள்ளது. இவ்வெல்லையே ‘விற்காதே’ என்போரின் முதல் ஆதாரம். நாடுகள் தத்தம் தாட்காசை வேண்டியவாறு அச்சிடலாம், இதனை அவ்வாறு பெருக்க முடியாது, ஆகவே காலஞ் செல்லச் செல்ல விலை ஏறியே தீரும் என்பது அவர்தம் வாதம்.

விலை ஏறியதும் உண்மை; விழுந்ததும் உண்மை. 2013ஆம் ஆண்டு நவம்பர் இறுதியில் ஒரு பிட்கொயினின் விலை 1,100 அமெரிக்க டொலரைக் கடந்திருந்தது. டிசெம்பர் 5ஆந் திகதி, வங்கிகள் இந்நாணயத்திற் கைவைத்தலாகாதெனச் சீனாவின் மத்திய வங்கி அறிவித்தது. சில நாட்களில் அந்நாட்டின் பெரிய பரிவர்த்தனை நிலையமொன்று யுவான் வைப்புக்களை ஏற்பதையும் நிறுத்திற்று. விலை சரிந்தது. டிசெம்பர் 18ஆந் திகதி அளவில் ஏறத்தாழ அரைவாசி மதிப்புக் கரைந்துவிட்டது. விற்றோரும் கலங்கினர், விற்காதோரும் கலங்கினர்.

அன்றுதான் இச்சொல் பிறந்தது. பிட்கொயின் பற்றிப் பலருங் கூடி எழுதும் இணையவெளி மன்றம் ஒன்றில், புனைபெயருடைய ஒருவர், ‘நான் வைத்திருக்கின்றேன்’ எனத் தலைப்பிட எண்ணி, எழுத்தை மாற்றித் தட்டிவிட்டார். தாம் விஸ்கி அருந்தியிருப்பதை அவரே அவ்விடத்தில் ஒப்புக்கொண்டார். முதன்முறை பிழையெனக் கண்டு தலைப்பை இரண்டாம் முறையும் தட்டியதாகவும், அப்போதும் பிழையே வந்ததாகவும், போகட்டும் என விட்டுவிட்டதாகவும் எழுதினார். வாசித்தோர் நகைத்தனர். நகைத்தவர்கள் தாமும் அவ்வாறே பிழைபட எழுதத் தொடங்கினர். சில மணி நேரத்துள் அப்பிழை ஒரு கூட்டத்தாரின் அடையாளச் சொல்லாயிற்று.

தட்டெழுத்துப் பயின்றோர் இப்பிழை நேர்ந்தவாற்றை எளிதில் உணர்வர். ஆங்கில விசைப்பலகையில் ‘ஓ’ என்னும் எழுத்தையும் ‘எல்’ என்னும் எழுத்தையும் வலக்கையின் மோதிரவிரலே தட்டுதல் வேண்டும். ‘டி’ என்னும் எழுத்து இடக்கை நடுவிரலுக்குரியது. மோதிரவிரல் ‘ஓ’வைத் தட்டிக் கீழிறங்குமுன், சும்மா காத்திருந்த இடக்கை விரல் முந்திக்கொண்டுவிட்டது. மதுவின் மேல் முழுப் பழியையும் சுமத்துவது நியாயமன்று. விசைப்பலகைக்கும் அதிற் பங்குண்டு.

எழுத்துக்கள் இவ்வாறு இடம்மாறுவது மொழிகளுக்குப் புதிதுமன்று. தமிழில் ‘தசை’ என்பது ‘சதை’ ஆயிற்று; ‘விசிறி’யைச் ‘சிவிறி’ என்றும், ‘ஞிமிறு’ என்னும் வண்டை ‘மிஞிறு’ என்றும் புலவர்கள் வழங்கினர். எழுத்து நிலைமாற்றம் என இதனைக் கூறுவர். குதிரையைக் ‘குருதை’ என்னும் பேச்சுவழக்கை நகையாடுவோர், சதை என்னுஞ் சொல்லை மட்டும் தயக்கமின்றி எழுதுகின்றனர். ஆங்கிலத்தில் பறவையைக் குறிக்கும் ‘பேர்ட்’ என்னுஞ் சொல் முற்காலத்திற் ‘பிரிட்’ என்றே இருந்தது. இன்று உலகமெல்லாம் வழங்கும் ‘ஓகே’ என்பதன் வரலாறு இன்னுஞ் சுவையுடையது. ‘எல்லாம் சரி’ எனப் பொருள்படும் ‘ஓல் கறெக்ட்’ என்னுந் தொடரை வேண்டுமென்றே பிழைபட எழுதி, அதன் முதலெழுத்துக்களைச் சுருக்கிப் பொஸ்ரன் நகரப் பத்திரிகையொன்று 1839ஆம் ஆண்டு மார்ச் 23ஆந் திகதி வெளியிட்ட நகைச்சுவையே அது. ஆகவே பிழையிற் பிறந்ததென்பதற்காக ஹோட்லை நாம் இழிவாக எண்ண வேண்டியதில்லை. அது பிறந்தபோது என்ன பொருள் கொண்டிருந்தது, இன்று என்ன பொருள் கொண்டுள்ளது என்பதே ஆராயத்தக்கது.

அந்தப் புனைபெயர்க்காரர் அன்று எழுதியதை அமைதியாக வாசித்தால், அது வீரவுரையன்று என்பது புலப்படும். தாம் வியாபாரத்திற் கெட்டிக்காரரல்லர் என்று அவர் தொடங்குகின்றார். விலை எப்போது உச்சத்தை அடையும், எப்போது அடிமட்டத்தைத் தொடும் என்பதைத் தேர்ந்த வியாபாரிகள் கணிக்கலாம், தமக்கு அந்தத் திறமை இல்லை என்கின்றார். வீழ்ச்சியில் விற்பவர் ஒன்றிற் பெருந்திறமைசாலியாக இருத்தல் வேண்டும், அன்றேல் மயக்கத்திலிருக்கும் புதியவராக இருத்தல் வேண்டும். இரண்டுமல்லாத தம்போன்றோர் விற்காதிருப்பதே நலம். தாம் விற்றாலன்றிப் பிறர் தம் பணத்தைப் பறிக்க வழியில்லை. இதுவே அவர் கூறியதன் சாரம். போதையிற் பேசினாரேனும் இதில் ஒரு தெளிவு உண்டு. தன் அறியாமையைத் தானே அறிந்த மனிதன், தன் பணத்தைப் பற்றி, தனக்குத் தானே செய்துகொண்ட தீர்மானம் அது. வாக்கியத்தின் எழுவாய் ‘நான்’ என்பதை வாசகர்கள் மனத்திற் கொள்ளுதல் வேண்டும்.

எம் இல்லங்களிலே காப்பையும் சங்கிலியையும் பெட்டியிற் பூட்டி வைத்திருக்கும் தாய்மாருக்கு இக்கொள்கை ஒன்றும் புதிதன்று. பவுன் விலை ஏறினும் இறங்கினும் அவர்கள் விற்பதில்லை. அதற்கெனத் தனியே ஒரு சொல்லையும் அவர்கள் தேடவில்லை. பெட்டியிலுள்ள காப்பை மகளின் கலியாணத்துக்கு அணியலாம், இடர் வந்தால் அடைவு வைக்கலாம் என்பது வேறு விடயம்.

காலஞ் செல்ல, இச்சொல்லுக்குப் புதிய விளக்கமொன்று முளைத்தது. அதன் நான்கு ஆங்கில எழுத்துக்களும் நான்கு சொற்களின் முதலெழுத்துக்கள் என்றும், ‘உயிரைக் கையிற் பிடித்துக்கொண்டு தொங்கு’ என்பதே அதன் விரிவென்றும் யாரோ கற்பித்தனர். இன்று பலர் அதுவே உண்மை வரலாறென நம்புகின்றனர். பிறந்தபின் எழுதப்பட்ட சாதகம் அது. கப்பலோட்டிகளின் அபாயக் குறியான ‘எஸ் ஓ எஸ்’ என்பதற்கும் இதுவே நேர்ந்தது. 1906ஆம் ஆண்டு பேர்லினிற் கூடிய சர்வதேச மகாநாடு அவ்வெழுத்துக்களைத் தெரிந்தது, மூன்று புள்ளி மூன்று கோடு மூன்று புள்ளி என்னும் ஒலி எவர் காதிலும் தெளிவாக விழும் என்பதற்காகவே. ‘எம் ஆன்மாக்களைக் காப்பாற்று’ என்னும் விரிவு பின்னர் வந்து ஒட்டிக்கொண்டது.

எஸ் ஓ எஸ் விடயத்தில் அவ்வொட்டுதலால் யாருக்கும் தீங்கில்லை. ஹோட்ல் விடயத்திலோ பொருளே தலைகீழாயிற்று என்பது எமது எண்ணம். முன்னது, சும்மா இருப்போம் என்னும் நிதானம். பின்னது, மலையுச்சியில் வேர் ஒன்றைப் பற்றித் தொங்குபவனின் நிலை. தொங்குபவன் கணக்குப் பார்ப்பதில்லை. கையை விட்டால் மரணம் என்றே எண்ணுகின்றான். ஒரு முதலீட்டை விற்பதா, வைத்திருப்பதா என்னும் சாதாரணக் கேள்வி, இவ்விரிவால் உயிர்ப் போராட்டமாக உருமாறிவிட்டது. ‘நான்’ என்னும் எழுவாயும் மறைந்து ‘நீ’ என்பது வந்து புகுந்தது. ‘ஹோட்ல் செய்கின்றேன்’ என்பது போய் ‘ஹோட்ல் செய்’ என்னும் ஏவல் பிறந்தது.

ஏவலுடன் புகழ்ச்சியும் இகழ்ச்சியும் வந்தன. விற்காதவனுக்கு ‘வைரக் கை’, விற்றவனுக்குக் ‘கடதாசிக் கை’ என்னும் பட்டங்கள் வழங்கலாயின. பெருந்தொகை வைத்திருப்பவன் ‘திமிங்கிலம்’. ஐயம் எழுப்புபவன் அச்சத்தைப் பரப்புபவன். பிள்ளையின் வைத்தியச் செலவுக்காகக் கொஞ்சம் விற்றவனும் இக்கணக்கிற் கடதாசிக் கையனே. ஒருவன் தன் பொருளை விற்பதை மானக்கேடாக்கும் பேச்சு எங்கு வழங்கினும், அதனால் இலாபம் அடைவோர் யாரென வினவுதல் தகும். எல்லோரும் வைத்திருந்தால் விலை நிற்கும். விலை நிற்கும் வேளையில் முதலில் விற்றவனே முழு விலையும் பெறுவான்.

இதற்கு ஒரு வரலாறு உண்டு. செல்சியஸ் என்னும் அமெரிக்க நிறுவனம், மக்களின் கிரிப்டோ நாணயங்களை வைப்பாகப் பெற்று உயர்ந்த வட்டி தருவதாக விளம்பரஞ் செய்தது. அதன் கைத்தொலைபேசிச் செயலியில் ‘ஹோட்ல் நிலை’ என்றொரு வசதியும் இருந்தது. அதனைத் தெரிந்துகொண்டவர் தம் கணக்கிலிருந்து நாணயம் வெளியே செல்லாதவாறு தாமே பூட்டிக்கொள்ளலாம். திருடருக்கு எதிரான பாதுகாப்பு என அது கூறப்பட்டது. 2022 யூன் 12ஆந் திகதி, நிறுவனம் எல்லோருடைய கணக்குகளையும் தானே பூட்டிவிட்டது. யாரும் எதனையும் மீளப்பெற இயலவில்லை. அடுத்த மாதம் அது வங்குரோத்து மனுச் செய்தது. வைப்பாளருக்குக் கொடுக்கவேண்டியிருந்த தொகை ஏறத்தாழ 470 கோடி டொலர். அதன் தலைவர் அலெக்ஸ் மஷின்ஸ்கி, நிறுவனத்தின் சொந்த நாணயத்தைத் தாம் விற்கவில்லை எனப் பொதுமக்களுக்குக் கூறிக்கொண்டே, 4 கோடி டொலருக்கு மேற்பட்ட பெறுமதிக்கு விற்றிருந்தார் என அமெரிக்க அரசுத் தரப்பு குற்றஞ் சாட்டியது. 2024 டிசெம்பரில் மோசடிக் குற்றங்களை அவர் ஏற்றுக்கொண்டார். 2025 மே மாதத்தில் 12 ஆண்டுச் சிறை விதிக்கப்பட்டது.

வைத்திருந்தவர்கள் வென்றதும் உண்டு என்பதை மறைப்பது நேர்மையன்று. 2013 டிசெம்பரில் அந்தப் பிழையை எழுதியவரைப் பின்பற்றி விற்காதிருந்தவர், 2015 ஜனவரியில் விலை 200 டொலருக்குங் கீழே போனதைக் கண்டிருப்பார். பழைய உச்சத்தை மீண்டுங் காண அவர் 2017 வரை காத்திருக்க நேர்ந்தது. அவ்வாண்டு டிசெம்பரில் விலை 19,000 டொலரைக் கடந்தது. ஓராண்டில் 3,200 அளவுக்கு வீழ்ந்தது. 2021 நவம்பரில் 69,000 வரை ஏறி, அடுத்த நவம்பரில் 16,000க்குங் கீழிறங்கி, 2024 டிசெம்பரில் முதன்முறையாக ஓரிலட்சத்தைத் தாண்டியது. இந்த ஏற்ற இறக்கம் அனைத்தையும் நெஞ்சு பதறாது கடந்தவர் செல்வரானார். ஆனால் அவரைச் செல்வராக்கியது ஹோட்ல் என்னும் மந்திரமன்று. அவர் வைத்திருந்தது பிட்கொயினாக இருந்தமையே. லூனா என்னும் வேறொரு நாணயம் 2022 ஏப்பிரலில் 100 டொலருக்கு மேல் விலைபோயிற்று. மே நடுப்பகுதியில் ஒரு சதத்தின் சிறு கூறுகூடப் பெறவில்லை. அங்கும் பலர் ஹோட்ல் என்றே சொல்லிக்கொண்டிருந்தனர். அவர்கள் பற்றிய வது வேரையன்று, காற்றை. தப்பியவரின் கதையே பேசப்படுகின்றது. மூழ்கியவர் பேச வருவதில்லை.

சொல்லுக்குள்ளே வேறொரு முரணும் உண்டு. பிட்கொயின் நாணயமாகவே படைக்கப்பட்டது. நாணயம் என்பது கைமாறுவதற்குரியது. 2010 மே 22ஆந் திகதி அமெரிக்காவின் புளோரிடா மாநிலத்தில் ஒருவர் 10,000 பிட்கொயின் கொடுத்து இரண்டு பீட்சா ரொட்டிகளைப் பெற்றார். ஹோட்லர்கள் ஆண்டுதோறும் அந்நாளை நினைவுகூர்ந்து அவருக்காக இரங்குகின்றனர். எமக்கோ, அந்தக் காசை முதன்முதற் காசாக நடத்தியவர் அவர் என்றே தோன்றுகின்றது. யாரும் செலவிடாத பணத்தாற் கடைக்காரனுக்கு என்ன பயன்?

விரும்பாமலே ஹோட்லராகியோரும் இருக்கின்றனர். வேல்ஸ் நாட்டின் நியூபோர்ட் நகரில் ஒருவருடைய கணினியின் நினைவுத்தட்டு 2013ஆம் ஆண்டு குப்பையோடு குப்பையாகப் போய்விட்டது. ஏறத்தாழ 8,000 பிட்கொயின்களின் சாவி அதனுள் இருந்தது. குப்பைமேட்டைத் தோண்ட நகரசபை இசையவில்லை. 2025 ஜனவரியில் அவர் வழக்கையும் நீதிமன்றந் தள்ளிற்று. உலகில் அவரைவிட உறுதியான ஹோட்லர் யாருமிலர்!

டோக்கியோ நகரில் இருந்த மவுண்ட் கொக்ஸ் என்னும் பரிவர்த்தனை நிலையத்தின் கதை இதனினும் விசித்திரமானது. இச்சொல் பிறந்து இரண்டே மாதங்களில், 2014 பெப்ரவரியில், ஏறத்தாழ 850,000 பிட்கொயின்களைக் காணவில்லை எனக் கூறி அது வங்குரோத்தாயிற்று. அவற்றுள் 200,000 பின்னர் அகப்பட்டன. சாவியைப் பிறர் கையிற் கொடுத்துவிட்டு ‘நான் வைத்திருக்கின்றேன்’ எனச் சொல்வதிற் பொருளில்லை என்பதைப் பலர் அன்றுதான் உணர்ந்தனர். வழக்கு இழுபட்டது. 2024 யூலையிலேதான் கடன்கொடுத்தோருக்கு நாணயங்கள் திரும்பத் தொடங்கின. இழந்ததில் ஒரு பங்கே கிடைத்தது. ஆயினும் பத்தாண்டுகளில் விலை நூறு மடங்களவு உயர்ந்திருந்தமையால், அப்பங்கே அவர்கள் இழந்த டொலரினும் மிக்க மதிப்புடையதாயிருந்தது. நீதிமன்றக் கதவு பூட்டியிருந்திராவிடில் அவர்களுட் பலர் எப்போதோ விற்றிருப்பர் என்பதில் எமக்கு ஐயமில்லை.

எமது நாட்டிலோ, இந்நாணயங்களின் ஆபத்தைப் பற்றி இலங்கை மத்திய வங்கி 2018 முதற் பலமுறை பொதுமக்களை எச்சரித்துள்ளது. எச்சரிக்கையை வாசித்த பிள்ளைகளும் நண்பரின் பேச்சை நம்பி இறங்குவதுண்டு. அத்தகைய பிள்ளையிடம் பெற்றோர் சினந்து பேசுவதற்குமுன் மூன்று கேள்விகளைக் கேட்கலாம்: எந்த நாணயம்? சாவி யார் கையில்? ‘ஹோட்ல்’ என உனக்குச் சொன்னவர் தாம் விற்கவில்லை என்பதை நீ எவ்வாறு அறிவாய்? மூன்றாவது கேள்விக்கு விடை தேடும்போதே பெரும்பாலும் பேச்சு நின்றுவிடும்.

இனி அச்சொல்லின் இன்றைய நிலையைக் கூறி முடிப்போம். 2024 ஜனவரி 10ஆந் திகதி, பிட்கொயினை அடிப்படையாகக் கொண்ட முதலீட்டு நிதியங்களைப் பங்குச் சந்தையில் விற்பதற்கு அமெரிக்க அரசின் ஆணைக்குழு அனுமதி வழங்கிற்று. சந்தைப் பலகையில் ஒவ்வொரு நிதியத்துக்கும் சில எழுத்துக்களாலான குறிப்பெயர் ஒன்று வேண்டும். வான்எக் என்னும் நிறுவனம் தனது நிதியத்துக்குத் தெரிந்த குறிப்பெயர் ஹோட்ல். மதுவருந்திய ஒருவர் இரண்டுமுறை தட்டியுந் திருத்தமுடியாத அதே நான்கு எழுத்துக்கள், அதே பிழையான வரிசையில் அப்பலகையில் நிற்கின்றன. விற்கமாட்டேன் என்னும் பொருளுடைய அப்பெயரிற் பங்குகள் சந்தை திறக்கும் ஒவ்வொரு நாளும் விற்கப்படுகின்றன.